களரியைச் சுற்றி நடக்கும் கமரா

மட்டக்களப்பு நகரிலிருந்து வலையிறவுப் பாலத்தைக் கடந்தால் வவுணதீவு. வாவிக்கு மேற்கே, பொழுது படும் பக்கம் என்பதால் படுவான்கரை. கன்னன்குடா போன்ற ஊர்களில் கூத்து இன்னும் உயிரோடு இருக்கும் கரை இது. "கூத்தைப் படம் பிடிக்கிற ஒருத்தர் இருக்கிறார், வாங்க" என்று நண்பர் கூட்டிப் போனார்.

கலியாண வீடியோவில் தொடங்கியவர். இப்போது ஆவணப்படங்களுக்கு ஒளிப்பதிவு செய்கிறார்; வீட்டு முன்னறைக் கணினியில் தானே தொகுக்கவும் செய்கிறார்.

கூத்து ஆடும் வட்டக்களரிக்கு முன்பக்கம் கிடையாது, சுற்றிவரச் சனம். கமராவை ஓரிடத்தில் ஊன்றினால் பாதி நேரம் கூத்தரின் முதுகுதான் விழும். அதனால் விடியும்வரை அவர் களரியைச் சுற்றி நடக்கிறார்.

"முதல்ல முகத்தத்தான் எடுத்தன் சேர். கூத்துப் பழக்கிற அண்ணாவியார் பாத்திட்டு, 'மனே, ஆட்டம் எங்க? காலக் காணல்லியே' எண்டாரு. அதுக்குப் பிறகுதான் கமராவ இறக்கிப் பிடிக்கப் பழகினன்."

அன்று அவர் தொகுப்பதைப் பக்கத்தில் இருந்து பார்த்தேன். மத்தளத்தின் தாளக்கட்டு ஓடும்போது காட்சியை வெட்டினால் ஆட்டம் நொண்டும். தாளந்தீர்தல் வரும்வரை பொறுத்திருந்து வெட்டுகிறார். ஒரே அடியைத் திரும்பத் திரும்ப ஓட்டும்போது அவர் உதடு தாளம் சொல்லிக்கொண்டிருந்தது. நிறம் சீராக்குவதையும் விளக்கினார். அது எனக்குப் பிடிபடவில்லை.

மேசையில் கிடந்த வன்தட்டுகளில் இருந்தவை பெரும்பாலும் கலியாணங்கள். கூத்துப் பதிவுகள் எங்கே?

"எடுக்கச் சொன்னவங்க கொண்டுபோயிட்டாங்க. எனக்கு நாள் கூலி."

அந்த அண்ணாவியார் இறந்தபோது மகன் வந்து, அப்பா மத்தளம் அடித்த காட்சியைக் கேட்டிருக்கிறார். கொடுக்க இவரிடம் ஒரு நிமிடக் காட்சிகூட இல்லை. இதைச் சொல்லிவிட்டு அவர் கணினியை அணைத்தார்.

ஆவணப்படத்துக்கு வரும் பணத்தில் திட்டம் எழுதியவருக்கும் ஒருங்கிணைத்தவருக்கும் போனது போக மிஞ்சுவதுதான் இரவெல்லாம் நடந்தவருக்கு. படத்தின் முடிவில் அவர் பெயர் 'உதவி' என்ற வரியில் ஓடுகிறது. இது களவு. வேறு பெயர் இதற்கு இல்லை.

பதிவு கைவிட்டுப் போவது புதிதல்ல. ஏ.கே. செட்டியார் உலகெங்கும் அலைந்து சுமார் 50,000 அடி படச்சுருள் திரட்டி, அதிலிருந்து 12,000 அடியில் தொகுத்த காந்தி ஆவணப்படம் 1940இல் வெளிவந்தது. அவ்வளவு பாடுபட்ட அந்தப் படமே பின்னர் கைக்கெட்டாமல் போயிற்று. 1953இல் ஹாலிவுட்டில் உருவான ஆங்கில வடிவத்தை அமெரிக்காவில் தேடிப் பிடிக்க வேண்டியிருந்தது. காந்தி படத்துக்கே அந்த நிலை என்றால், படுவான்கரை அண்ணாவியாரின் பதிவை யார் தேடப்போகிறார்கள்?

ஆகவே ஊரவர்களிடமே கேட்கிறேன். முழுப் பதிவின் ஒரு பிரதி ஊருக்கு, ஒரு பிரதி எடுத்தவருக்கு. ஒளிப்பதிவும் தொகுப்பும் செய்தவர் பெயர் அந்தந்த வேலைக்கு நேரே. இதை எழுதித் தராத எவரையும் கமராவோடு களரிக்குள் விடாதீர்கள்.