விதைத்தவர்களின் பங்கு



இந்த வாரம் ஒரு கிரிக்கெட் வீராங்கனையைப் பற்றி உங்களோடு பேச விரும்புகிறேன். ஐயர் வேதத்தை விட்டு விளையாட்டுக்குப் போய்விட்டாரே என்று எண்ணாதிருங்கள். நம் அறுப்பின் பண்டிகையில் நான் செய்த ஒரு தவற்றை எனக்கு உணர்த்தியது அவருடைய வாழ்க்கையே.

அவர் பெயர் திருஷ் காமினி. சென்னையில் பிறந்தவர். 2013-ஆம் ஆண்டு ஜனவரி 31 அன்று, மும்பை பிரேபோர்ன் மைதானத்தில், மேற்கிந்தியத் தீவுகளுக்கு எதிராக 100 ஓட்டங்கள் எடுத்தார். உலகக் கோப்பையில் சதமடித்த முதல் இந்தியப் பெண் அவரே. ஆனால் சில நாள்களிலேயே இந்திய அணி இலங்கையிடம் 138 ஓட்டங்களில் தோற்று, சொந்த மண்ணில் முதல் சுற்றோடு வெளியேறியது. தோல்வியின் வருத்தத்தில் அந்தச் சதம் மங்கிப்போயிற்று.

மறு ஆண்டு நவம்பரில் மைசூரில் தென்னாப்பிரிக்காவுக்கு எதிரான டெஸ்ட் போட்டி நடந்தது. காமினி 192 ஓட்டங்கள் குவித்தார். பூனம் ராவத்துடன் சேர்ந்து இரண்டாவது விக்கெட்டுக்கு 275 ஓட்டங்கள் சேர்த்தார். இந்தியா ஓர் இன்னிங்ஸ் வித்தியாசத்தில் வென்றது. இப்படி ஆடிய ஒருவருக்கு அடுத்த வாய்ப்பு தானாக வரும் என்றுதானே நினைப்போம்? ஆனால் அதன்பின் ஏறக்குறைய ஏழு ஆண்டுகள் இந்தியப் பெண்கள் அணிக்கு டெஸ்ட் போட்டியே அமையவில்லை. 2021 ஜூனில் இங்கிலாந்தின் பிரிஸ்டலில் மீண்டும் ஆடியபோது அணியில் அவர் இல்லை. அந்த 192-தான் அவருடைய கடைசி டெஸ்ட் இன்னிங்ஸ். அவர் தவறியதால் வாய்ப்பு போகவில்லை. ஆடுவதற்குக் களமே இல்லாமற்போயிற்று.

2024-இல், அவர் பிறந்த அதே சென்னையில், அதே தென்னாப்பிரிக்காவுக்கு எதிராக, ஷஃபாலி வர்மா 205 ஓட்டங்கள் எடுத்தார். 2025-ஆம் ஆண்டு நவம்பர் 2 அன்று நவி மும்பையில் நம் பெண்கள் உலகக் கோப்பையையே வென்றார்கள். அன்றிரவு என் வீட்டிலும் எவரும் உறங்கவில்லை. வென்ற பெண்கள் கோப்பையைத் தங்களோடு மட்டும் வைத்துக்கொள்ளவில்லை. மைதானத்தில் நின்றிருந்த மிதாலி ராஜ், ஜூலன் கோஸ்வாமி ஆகியோரின் கைகளில் கொடுத்து, அவர்களையும் உயர்த்திப் பிடிக்கச் செய்தார்கள். பலமுறை முயன்றும் அந்தக் கோப்பையை எட்டாமலே ஓய்வுபெற்றவர்கள் அவர்கள். அதைக் கண்டபோது என் நெஞ்சில் ஏதோ குத்தியது.

சொல்கிறேன். அறுப்பின் பண்டிகையன்று ஞாயிறு பள்ளிப் பிள்ளைகள் அழகாகப் பாடினார்கள். நீங்கள் எல்லாரும் மகிழ்ந்தீர்கள். இப்போது பள்ளியை நடத்தும் வாலிபச் சகோதரிகளைப் பீடத்தண்டை அழைத்துப் பொன்னாடை போர்த்தினேன். ஆனால் அந்தப் பள்ளியைத் தம் வீட்டுத் திண்ணையில், மில் தொழிலாளர்களின் ஏழு பிள்ளைகளை வைத்துத் தொடங்கிய தாயார் ஒருவர், கடைசி வரிசையில் அமர்ந்திருந்தார். அவர் பெயரை நான் சொல்லவில்லை. மனதாரத் தவிர்க்கவில்லை, மறந்துபோனேன். மறதி சிறிய குற்றம் என்று அதுவரை எண்ணியிருந்தேன்.

மறுநாள் அவர் வீட்டுக்குப் போய் மன்னிப்புக் கேட்டேன். "பேரு சொல்லலீன்னு வருத்தமில்லீங்க ஐயா. நானும் அந்த வேலையில இருந்தேன்னு அந்தப் பிள்ளைகளுக்குத் தெரியாமப் போச்சேன்னுதானுங்க" என்றார். பிறகு எனக்குக் காபி கொடுத்தார். அந்தக் காபியைக் குடிப்பது எனக்கு எளிதாக இருக்கவில்லை.

அவர் புகழைக் கேட்கவில்லை, பிரியமானவர்களே. மகிழ்ச்சியில் பங்கு கேட்டார். யோவான் நான்காம் அதிகாரத்தில் நம் ஆண்டவர் சமாரியாவின் வயல்களைக் காட்டிப் பேசும்போது, விதைத்தவரும் அறுத்தவரும் ஒன்றாகச் சந்தோஷப்பட வேண்டும் என்பதையே சொல்கிறார். பிறர் பாடுபட்ட நிலத்தில்தான் நீங்கள் கால் வைத்திருக்கிறீர்கள் என்று சீஷர்களுக்கு நினைவூட்டுகிறார். அந்த வசனத்தை நான் எத்தனையோ முறை பிரசங்கித்திருக்கிறேன். அறுப்பின் பண்டிகையன்றே அதை மறந்தேன்.

காமினிக்கு முன்பும் விதைத்தவர்கள் உண்டு. 1976-இல் இந்தியப் பெண்கள் தங்கள் முதல் டெஸ்ட் தொடரை ஆடியபோது, தமிழ்நாட்டின் சுதா ஷா அணியில் இருந்தார். 2005-இல் இந்தியா முதன்முறையாக உலகக் கோப்பை இறுதிப் போட்டியை எட்டியபோது அவரே பயிற்சியாளர். கோப்பை வந்ததோ அதற்கும் இருபது ஆண்டுகள் கழித்து. நம் கொங்கு மண்ணில் தென்னங்கன்று வைத்தவர்களுக்கு இது புதிதன்று. நட்டவர் இளநீர் குடித்தே தீருவார் என்று எழுதிவைக்கப்படவில்லை.

உங்களில் சிலருக்கு இந்த வார்த்தை ஆறுதலாயிருக்கட்டும். உங்கள் உழைப்பு ஏழு ஆண்டு வெறுமையின் ஓரத்தில் நின்றுபோனதுபோல் தோன்றலாம். பிள்ளைகளுக்காக வேலையை விட்ட தாய்மார்களே, ஆலை மூடியதால் பாதியில் நின்ற தகப்பன்மாரே, அன்போடு செய்த ஊழியத்தைத் தேவன் மறப்பதில்லை என்று எபிரெயர் நிருபம் ஆறாம் அதிகாரம் நமக்கு உறுதியளிக்கிறது. மறப்பவன் உங்கள் போதகன்; உங்கள் ஆண்டவர் அல்லர்.

மற்றவர்களுக்கு, எனக்கும் சேர்த்து, ஒரு வேலை இருக்கிறது. தேவன் நினைவில் வைத்திருக்கிறார் என்பது நாம் மறந்துவிடுவதற்குச் சாக்கு ஆகாது. நீங்கள் இன்று நிற்கும் இடத்தை உங்களுக்கு ஆயத்தம்பண்ணியவர் யார்? இந்த வாரத்தில் அவர் வீட்டுக்குப் போங்கள். வரும் ஞாயிறு, அந்தத் தாயார் நம் பிள்ளைகள் முன் நின்று, திண்ணைப் பள்ளியின் கதையைத் தாமே சொல்லச் சம்மதித்திருக்கிறார். குடும்பமாக வந்து கேளுங்கள்.

ஜெபம்: ஆண்டவரே, பிறர் விதைத்ததை அறுத்துக்கொண்டு எங்களுடையது என்று பெருமை பேசினோம், மன்னியும். பலனைக் காணாமல் உழைத்தவர்களை உம் சந்தோஷத்தில் சேர்த்துக்கொள்ளும். அவர்களை நினைக்கிற இருதயத்தை எங்களுக்குத் தாரும். இயேசு கிறிஸ்துவின் நாமத்தில் கேட்கிறோம், பிதாவே. ஆமென்.