அகத்தியர் மலையில் பகடையாட்டம்

பகடை என்றதும் பாண்டவர் கதையை நினைத்து அஞ்ச வேண்டாம். இதில் நாடும் போகாது, நகையும் போகாது. மேசையைச் சுற்றி நால்வர் அமர்வோம். ஒருவன் கதை சொல்வான். மற்ற மூவரும் கதைமாந்தராகிப் பேசுவார்கள். இக்கட்டு வந்தால் இருபது முகப் பகடை தீர்ப்புச் சொல்லும். 1974-இல் அமெரிக்காவில் அச்சேறிய 'டஞ்சன்ஸ் அண்டு டிராகன்ஸ்' ஆட்டத்தின் வழிவந்தது. வித்துராவில் மழை பிடித்துக்கொண்டால் விடுதியில் வேறென்ன செய்வது?

சென்ற மாதம் கதை சொல்லும் முறை என்னுடையது. "மலையுச்சிக் கோட்டை, அதில் வானிலையை ஆளும் மந்திரவாதிகள், அப்படி ஒன்று வேண்டும்" என்றார்கள். அதற்காகக் கடல் கடந்து போவானேன்? எங்கள் ஊர் அம்பாசமுத்திரம். அங்கே மேற்கு வானத்தை அடைத்து நிற்கும் பொதிகை, நான் இங்கே படிக்க வந்ததும் கிழக்கே போய்விட்டது! தமிழ் தந்த அகத்தியரின் மலை என்பேன் நான். "அகஸ்தியார்கூடம் ஞங்ஙளுடெ மலையல்லே?" என்பான் கோழிக்கோட்டு நண்பன். அவனுக்கும் தெரியாத ஒன்று உண்டு.

ஜான் ஆலன் பிரவுன் என்ற ஸ்காட்லாந்துக்காரர், 1852 முதல் 1865 வரை திருவிதாங்கூர் மகாராஜாவின் திருவனந்தபுரம் ஆய்வுக்கூடத்துக்குத் தலைவராக இருந்தார். யானைக் காட்டைக் கடந்து, அந்த மலைமேல் ஏறத்தாழ 6,200 அடி உயரத்தில் ஓர் ஆய்வுக்கூடமும் அமைத்தார். கடலோரத்தில் 30 அங்குலம் நிற்கும் பாதரசம் அவ்வுயரத்தில் 24 அங்குலத்தை ஒட்டித்தான் நிற்கும். இதைவிட மந்திரம் வேண்டுமா?

அந்தக் கூடத்தையே கோட்டையாக்கினேன். பாதரசம் மிக உயரும் வேளையில் மட்டும் திறக்கும் கதவு ஒன்று வைத்தேன். வெப்பநாடுகளில் காற்றழுத்தம் நாள்தோறும் காலை பத்து மணியளவிலும் இரவு பத்து மணியளவிலும் உச்சம் தொடுமல்லவா? பௌதிகம் படிப்பவன் உடனே கண்டுகொண்டான். எனக்குச் சற்று ஏமாற்றந்தான்.

உள்ளே, மணிக்கொருமுறை அளவு குறிக்கும் ஏடு. வெற்றிடம் விட்டவன் மலையைவிட்டு இறக்கப்படுவான் என்பது நான் விதித்த சட்டம். இரவுக் காவல் நாங்குநேரி நண்பனுக்கு. பகடையில் இரண்டு விழுந்தது, தூங்கிவிட்டான். பதினொரு மணிக் குறிப்பு இல்லை. பத்து மணி அளவும் உண்டு, பன்னிரண்டு மணி அளவும் உண்டு. நடுவே ஓர் எண்ணை எழுதிவிட்டுத் தப்புவான் என்றே மேற்கொண்டு கதை பின்னியிருந்தேன்.

"காலியா விட்டுருதேன்" என்றான்.

"இறக்கி விட்டுவிடுவார்களே!"

"இறக்கட்டும். பதினொரு மணிக்கு என்ன நடந்துதுன்னு எனக்கெப்படிலே தெரியும்? புயலே வந்துட்டுப் போயிருந்தா?"

மற்றவர் சிரித்தனர். எனக்குச் சிரிப்பு வரவில்லை. அந்த வாரம் என் மழைமானியின் மின்கலத்தை மாற்ற மறந்து, மூன்று இரவு அளவுகள் போயிருந்தன. முன்பின் நாள்களைப் பார்த்து அம்மூன்றையும் நானே நிரப்பி வைத்திருந்தேன். வரைகோடு எவ்வளவு அழகாக ஓடியது, தெரியுமா!

மறுநாள் காலை அந்த எண்களை அடித்துவிட்டு, தாளை ஆசிரியரிடம் கொண்டுபோனேன். அவர் இடைவெளியைப் பார்த்தார்; என்னைப் பார்த்தார். நான் நடந்ததைச் சொன்னேன், நிரப்பியதையும் சேர்த்து. நெடுநேரம் பேசவில்லை. பிறகு, "மின்கலம் மாற்றியாயிற்றா?" என்று மட்டும் கேட்டார்.

நாங்குநேரிக்காரனை இன்னும் மலையைவிட்டு இறக்கவில்லை. வெள்ளிக்கிழமை மழை பெய்தால் ஆட்டம் தொடரும்.