கேமதாசவும் பெரட்டுத் தப்பும்

சிங்கள இசையமைப்பாளர் பிரேமசிறி கேமதாசவுக்கு எங்கள் டிக்கோயாத் தோட்டங்களில் ரசிகர்கள் ஏராளம் என்று எழுதினால் அது பொய். எங்கள் லயங்களில் அன்றும் இன்றும் ஒலிப்பது மதராஸ் பாட்டுதான். ரூபவாஹினியில் 'கொலு ஹதவத்த' படம் போட்ட ஒரு இரவில்தான் அவருடைய இசை என் காதில் விழுந்தது. எனக்குச் சிங்களம் அரைகுறை. அது குறையாகத் தெரியவில்லை. ஆசையை வாய்விட்டுச் சொல்லத் தெரியாத பள்ளிக்கூடப் பையனின் கதை அது. அவன் விழுங்கியதையெல்லாம் இசை சொல்லிவிட்டது.

கேமதாச 1937இல் வாதுவைப் பக்கம் பிறந்தவர், புல்லாங்குழலைத் தானே ஊதிப் பழகியவர். லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸின் அந்தப் படம் 1968இல் வந்தது. புதையலுக்காக மனைவியைப் பலிகொடுக்கும் கணவனைக் காட்டிய 'நிதானய'வுக்கும், தர்மசேன பத்திராஜவின் 'பம்பரு அவித்'துக்கும் (1978) அவரே இசை. முன்னது பாழடைந்த வளவு, பின்னது மீனவர் வாடி. இரண்டுக்கும் ஒரே ஆள் இசையமைத்தார் என்று யாராவது சொன்னால்தான் தெரியும்.

சினிமாவில் ஒரு சௌகரியம் உண்டு. சம்பளம் வரும், ஸ்டூடியோ நிறைய வாத்தியக்காரர்களும் கிடைப்பார்கள். கேட்டறியாத ஒலியைச் சனங்கள் காசு கொடுத்தே கேட்டுவிட்டுப் போவார்கள், கதை இழுத்துக்கொண்டு போவதால் முகம் சுளிக்க நேரமிருக்காது. மேடையில் அந்தத் தயவு இல்லை. தெரிந்தே இறங்கினார் கேமதாச: 'மானஸவில', 'தொரமடலாவ', கடைசியாக 'அக்னி'. சிங்களத்தில் ஒபேரா! சில இடங்களில் குரல் வார்த்தையை முழுங்கிவிடுகிறது என்பது என் அபிப்பிராயம். ஆனால் அதைப் பாடக் கிராமத்து ஏழைப் பிள்ளைகளைத் தேடிப்பிடித்துப் பழக்கினாரே, அதற்காகவே எல்லாவற்றையும் மன்னிக்கலாம். 2008இல் காலமானார்.

அப்படியானால் தோட்டத்து எங்களிடம் என்ன இல்லை? விடியலில் ஆட்களைப் பெரட்டுக்கு, அதாவது வேலைக்குப் பேர் கூப்பிடும் இடத்துக்கு, எழுப்பியது தப்பு என்கிற பறை. மாசியில் காமன் கூத்துக்கு மன்மதனையும் ரதியையும் ஆட வைப்பது அதே தப்பு. சாவு வீட்டிலும் அதுதான். கங்காணி காலத்து அதட்டலையும் ரதியின் ஒப்பாரியையும் ஒரே தோலில் அடித்துக்காட்டும் கைகள் இன்னும் இங்கே இருக்கின்றன. அவர்களுக்குச் சம்பளத்தோடு சோதனை செய்துபார்க்க ஒரு சினிமாத்தான் வாய்க்கவில்லை. வி.பி. கணேசன் தயாரித்த 'புதிய காற்று' 1975இல் தோட்டத்து வாழ்க்கையைத் திரைக்குக் கொண்டுபோனது. பிறகு இரண்டு படங்கள் எடுத்தார், அத்தோடு சரி. படத்துக்குப் படம் தடுமாறித்தானே ஒரு இசையமைப்பாளன் உருவாகிறான்? மூன்று படங்களில் அது ஆகிற காரியமில்லை.

இப்போது பொடியன்கள் காமன் கூத்தைப் போனில் பிடித்து யூடியூபில் போடுகிறார்கள். காற்று, தப்பு, பக்கத்தில் நிற்பவரின் இருமல் எல்லாம் ஒன்றாய்க் கேட்கிறது. மைக்கை எங்கே வைப்பது என்று தெரிந்த ஒரு பிள்ளை முதலில் வரட்டும். ஒபேராவைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம்.