முதலாளியின் கண்ணீர்

ஜப்பானிய ரவுடிப் படங்களைப் பற்றி ஒரு கட்டுரை எழுதச் சொல்லியிருந்தார் எங்கள் எடிட்டர். விடுமுறைக்குக் கூத்தாநல்லூர் வந்திருந்தேன். கின்ஜி ஃபுகாசாகு இயக்கி 1973-ல் வந்த படம் ஒன்றை மொபைலில் பார்க்க ஆரம்பித்தேன். நிஜ ரவுடி ஒருவரின் நினைவுக் குறிப்புகளிலிருந்து பிறந்த கதை. அத்தாவும் பக்கத்தில் வந்து உட்கார்ந்தார்.

போர் முடிந்த 1946. குரே என்ற துறைமுக ஊர். பிழைக்க வழியில்லாத இளைஞர்கள் யாமமோரி என்ற தலைவனிடம் சேர்கிறார்கள். அவனுக்காகக் கொலை செய்ய ஹிரோனோ முன்வருகிறான். தலைவன் கண்ணீர்விட்டு உருகுகிறான்.

"இந்த அழுகைய நம்பக் கூடாதும்மா" என்று சொல்லிவிட்டு அத்தா எழுந்து போய்விட்டார். சப்டைட்டிலை அவர் படிக்கக்கூட இல்லை.

அவர் சொன்னதுதான் நடந்தது. ஹிரோனோ சிறைக்குப் போகிறான். கூட்டாளிகள் ஒருவரை ஒருவர் கொன்றுகொள்கிறார்கள். தலைவன் மட்டும் பத்திரமாக இருக்கிறான். நம் 'சுப்ரமணியபுர'த்திலும் இதுதானே! பையன்களைக் கொலை செய்யவைத்த கனகு, அவர்களை ஜாமீனில் எடுக்கக்கூட வரமாட்டார்.

"எப்படி அத்தா கண்டுபிடிச்சீங்க?" என்று ராத்திரி கேட்டேன்.

அத்தாவும் ஒரு காலத்தில் சபுராளிதான். மலேசியாவில் ஒரு சாப்பாட்டுக் கடையில் 11 வருடம் வேலை. "நீ என் தம்பி மாதிரின்னு முதலாளி கண் கலங்குவாரு. சம்பளத்துல பாதி அவர்கிட்டயே இருக்கும். ஊருக்குக் கிளம்புறப்ப கேட்டா, கணக்கே இல்லைன்னுட்டாரு."

இதுவரை அம்மா சொல்லித் தெரியும். அடுத்து அவர் சொன்னது தெரியாது.

"நான்தான் நம்ம ஊர்க் கூட்டாளி ஒருத்தனை அங்க வேலைக்குச் சேர்த்துவிட்டேன். அவன் முதல் வருஷமே சம்பளத்தைக் கேட்டான். அவனை வெளியே அனுப்பிட்டாங்க. நான் முதலாளி பக்கம் நின்னேன்."

அந்தக் கூட்டாளி அடுத்த தெருவில்தான் இருக்கிறார். பள்ளிவாசலில் பார்த்தால் சலாம் மட்டும்தான். முதலாளிக்குக் காட்டிய விசுவாசம், நண்பனுக்குச் செய்த துரோகமாக முடிந்திருக்கிறது.

படம் எப்படி முடிந்தது என்று அத்தா கேட்டார். கொல்லப்பட்ட நண்பனின் இறுதிச்சடங்குக்கு ஹிரோனோ வருகிறான். அங்கே படையல் மேடையைத் துப்பாக்கியால் சுடுகிறான் என்றேன்.

கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தார். "மௌத்தான பிறகு போய் என்னம்மா பண்றது?"

நேற்று அம்மா போன் செய்தார். வெள்ளிக்கிழமை ஜும்ஆ முடிந்ததும் அத்தா வீட்டுக்கு வராமல் அடுத்த தெருவுக்குப் போனாராம். சாப்பாடு ஆறிப்போகிற வரைக்கும் திரும்பி வரவில்லையாம்.