களத்துக் கட்டிலில் ஒரு கூடைப்பந்து ஆட்டம்

மூன்று வாரமாக எனக்குச் சரியான தூக்கமில்லை. ஊரில் யாராவது கேட்டால் மஞ்சள் காவல் என்று சொல்லிவிடுவேன். அது பாதி உண்மை. மீதிப் பாதி, அமெரிக்காவில் நடக்கும் கல்லூரிக் கூடைப்பந்துப் போட்டி. போன செவ்வாய்க்கிழமை காலையோடு அது முடிந்தது. நான் படித்த வெர்ஜீனியா பல்கலைக்கழகம் கோப்பையை வாங்கிவிட்டது.

இதை இங்கே யாரிடம் போய்ச் சொல்வது? டீக்கடையில் ஒரு பக்கம் தேர்தல், இன்னொரு பக்கம் தோனி. வீட்டுக்காரிக்குப் பந்து என்றாலே எரிச்சல். பால் கறக்கும்போது எருமையிடம்தான் முதலில் சொன்னேன். அது காதை ஒருமுறை ஆட்டிவிட்டுப் பருத்திக்கொட்டையில் வாயை வைத்துக்கொண்டது. அதனால்தான் இந்தப் பதிவு.

நான் சார்லட்ஸ்வில் என்ற ஊரில் 2012 முதல் 2014 வரை எம்.எஸ். படித்தேன். போன புதிதில் கூடைப்பந்தைப் பற்றி எனக்கு ஒன்றும் தெரியாது. எங்கள் பள்ளிக்கூடத்து மைதானத்தில் வளையம் மட்டும் துருப்பிடித்துத் தொங்கும், வலை இருக்காது. அங்கே கூட இருந்த பையன்கள் ஒருநாள் ஜான் பால் ஜோன்ஸ் அரங்கத்துக்கு இழுத்துப் போனார்கள். ஆரஞ்சு பனியன் போட்ட ஆயிரக்கணக்கான பேர் நின்றுகொண்டே கத்துகிறார்கள். நம்மூர் நோம்பியில் கம்பம் ஆடும்போது வருமே ஒரு வேகம், அதே வேகம். அன்றைக்குப் பிடித்த பைத்தியம்தான். 2016-ல் வேலையை விட்டுவிட்டு ஊருக்கு வந்து மண்வெட்டி பிடித்த பிறகும் விடவில்லை.

தெரியாதவர்களுக்குக் கொஞ்சம் விளக்கிவிடுகிறேன். ஒவ்வொரு மார்ச் மாதமும் நாடு முழுவதிலும் இருந்து 68 கல்லூரி அணிகளைத் தேர்ந்தெடுப்பார்கள். ஒருமுறை தோற்றால் மூட்டையைக் கட்ட வேண்டியதுதான், இரண்டாவது வாய்ப்பு கிடையாது. அணிகளை நான்கு பிரிவாகப் பிரித்து, ஒவ்வொரு பிரிவிலும் பலத்தைப் பார்த்து 1 முதல் 16 வரை நம்பர் கொடுப்பார்கள். முதல் சுற்றில் 1-ம் நம்பர் அணி 16-ம் நம்பரோடு ஆடும். மல்லனோடு நோஞ்சானை மோதவிடுகிற மாதிரி. 64 அணிகள் வைத்து ஆட ஆரம்பித்த 1985-ல் இருந்து 2017 வரை நடந்த அத்தனை ஆட்டங்களிலும் 1-ம் நம்பர்தான் ஜெயித்தது. ஒருமுறைகூட மாறியதில்லை.

2018-ல் மாறியது. தோற்ற 1-ம் நம்பர் என் வெர்ஜீனியா.

அந்த வருடம் 31 ஆட்டம் ஜெயித்து, இரண்டே இரண்டில் தோற்று, நாட்டிலேயே முதலிடத்தில் உள்ளே போன அணி. எதிரே மேரிலாண்ட் பல்கலைக்கழகத்தின் பால்டிமோர் கவுண்டி கிளை. மார்ச் 17, சனிக்கிழமை. அங்கே வெள்ளி இரவு என்றால் நமக்கு விடிந்துவிடும். பால் சொசைட்டிக்குப் போய்விட்டு வரும் வழியில் வண்டியை நிறுத்தி செல்போனைப் பார்த்தேன். பாதி ஆட்டத்தில் 21க்கு 21. சரி, இனி தூக்கிவிடுவார்கள் என்று நினைத்தேன். வீட்டுக்கு வந்து பார்த்தால் 74க்கு 54. இருபது புள்ளி வித்தியாசத்தில் தோல்வி. வரலாற்றிலேயே 16-ம் நம்பரிடம் தோற்ற முதல் 1-ம் நம்பர்.

சாதாரணமாக இருந்தால் அரை நாள் வருத்தப்பட்டுவிட்டு விட்டிருப்பேன். ஆனால் அந்த மார்ச் மாதம் எனக்கும் அப்படித்தான் இருந்தது.

எங்களுக்குக் கோபிச்செட்டிபாளையம் பக்கம், கீழ்பவானி வாய்க்கால் பாசனம். 2017 வைகாசியில் கீழ்வயல் இரண்டு ஏக்கரில் மஞ்சள் போட்டேன். அப்பா ஒரே ஒரு வார்த்தைதான் சொன்னார். "கீழ்வயல்ல மஞ்சள் வேண்டாங் கண்ணு, தண்ணி நிக்கும்." நான் கேட்கவில்லை. லேப்டாப்பில் கணக்குப் போட்டு வைத்திருந்தேன். சொட்டுநீர் போட்டால் தண்ணீர் எப்படி நிற்கும் என்று அவருக்கே பாடம் எடுத்தேன். நாம் விடுகிற தண்ணீரைத்தான் சொட்டுநீர் அளந்து விடும், வானம் விடுகிற தண்ணீரை அல்ல என்பது ஐப்பசி மழையில் புரிந்தது. அடி இலை ஓரத்தில் மஞ்சளாகி, தண்டு பிடித்து இழுத்தால் கையோடு வந்தது. கிழங்கு அழுகல். மார்ச் மாதம் ஊரில் எல்லார் களத்திலும் மஞ்சள் வெந்து காய்ந்துகொண்டிருக்க, எங்கள் களத்தில் ஒரு மூலைக்குத்தான் சரக்கு இருந்தது.

நஷ்டத்தைவிட டீக்கடைதான் எனக்குப் பெரிய கஷ்டமாக இருந்தது. "என்ன மாப்ள, அமெரிக்கா மஞ்சள் எந்தக் கப்பல்ல போகுது?" என்பார்கள். கெட்ட எண்ணத்தோடு கேட்பதில்லை, கேலிதான். ஆனாலும் நான் வண்டியை வேறு தடத்தில் ஓட்ட ஆரம்பித்தேன். யாராவது கேட்டால் மழையைச் சொன்னேன், விதையைச் சொன்னேன், வாங்கிய கடையைச் சொன்னேன். அப்பா சொன்னதைக் கேட்கவில்லை என்று மட்டும் சொல்லவில்லை.

அந்தச் சமயத்தில்தான் வெர்ஜீனியாவின் கோச் டோனி பென்னட், தோற்ற இரவு பத்திரிகைக்காரர்கள் முன்னால் உட்கார்ந்து பேசியதைப் பார்த்தேன். அவருடைய முக்கியமான ஆட்டக்காரன் டியாண்ட்ரே ஹண்டர் மணிக்கட்டு முறிந்து அந்தத் தொடரில் ஆடவே இல்லை. அதைச் சாக்காகச் சொல்லியிருக்கலாம். எதிரணி எங்களைவிட எல்லாவிதத்திலும் நன்றாக ஆடியது என்று நேராகச் சொல்லிவிட்டு எழுந்தார். நாலு நாள் அதையே திரும்பத் திரும்பப் போட்டுப் பார்த்தேன்.

இன்னொரு விஷயமும் என்னைக் குத்தியது. வெர்ஜீனியாவின் ஆட்டமே தடுப்பாட்டம்தான். பந்து வைத்திருப்பவனை ஒருவன் நெருக்க, மற்ற நான்கு பேரும் கூடைப் பக்கமாக உள்வாங்கி நின்று, நுழைகிற வழியை எல்லாம் வரப்புப் போட்ட மாதிரி அடைத்துவிடுவார்கள். பார்க்கிறவர்களுக்குக் கொட்டாவி வரும். அவ்வளவு மெதுவான ஆட்டம். இதை முதலில் வகுத்தவர் டோனியின் அப்பா டிக் பென்னட். அவரும் கோச்தான், 2000-ல் விஸ்கான்சின் அணியைக் கடைசி நான்கு வரை கொண்டுபோனவர். அப்பன் சொல்லிக்கொடுத்ததை வைத்து மகன் அங்கே ஆடிக்கொண்டிருந்தான். இங்கே நான் அப்பனுக்கே பாடம் எடுத்துக்கொண்டிருந்தேன்.

எங்கப்பா ஒரு தடவைகூட "நான் அப்பவே சொன்னேன்" என்று சொன்னதில்லை. சொல்லித் திட்டியிருந்தால்கூட எனக்குப் பாரம் குறைந்திருக்கும். போன வைகாசியில் மேல்காட்டில் மறுபடி மஞ்சள் போடலாமா என்று தயங்கிக்கொண்டிருந்தேன். ஒருநாள் விடியற்காலை போய்ப் பார்த்தால், மேல்காட்டு ஓரத்தில் மண்வெட்டியோடு வடிகால் வெட்டிக்கொண்டிருந்தார். "போடறதுன்னா போடு. தண்ணி போறதுக்கு வழி விட்டுப் போடு" என்றார். கீழ்வயலை நெல்லுக்கு விட்டோம். விதை மஞ்சளை வெளியே வாங்கி, டிரைக்கோடெர்மா கலந்து நேர்த்தி செய்து நட்டோம். ஐப்பசி மழை முழுக்க நான் தினமும் அடி இலையையே பார்த்துக்கொண்டு திரிந்தேன். ஒரு இலை பழுத்தாலும் வயிறு கலங்கிவிடும்.

இந்த வருடம் மார்ச் 23. நள்ளிரவு தாண்டிய நேரம். களத்தில் மஞ்சள் காய்கிறது, பக்கத்தில் கயிற்றுக்கட்டில் போட்டு நான் காவல். வெர்ஜீனியா இந்த முறையும் 1-ம் நம்பர். எதிரே 16-ம் நம்பர், கார்ட்னர்-வெப் என்ற சின்னக் கல்லூரி. களத்தில் சிக்னல் சரியாக எடுக்காது. படம் ஓடாது, ஸ்கோர் எண் மட்டும் மாறும். அந்த எண்ணையே பார்த்துக்கொண்டு கிடந்தேன். வெர்ஜீனியா பின்தங்குகிறது. எட்டு, பத்து, ஒரு கட்டத்தில் பதினான்கு புள்ளி. எனக்குக் கை சில்லிட்டுவிட்டது. மறுபடியுமா?

பாதி ஆட்டத்தில் 36க்கு 30, பின்னால்தான். செல்போன் வெளிச்சத்தைப் பார்த்துவிட்டு அப்பா டார்ச்சோடு வந்தார்.

"இன்னும் தூங்கலியா? என்னடா பாக்கற?"

"பந்துங்கப்பா. நாங்க படிச்ச காலேஜ்."

"கெலிக்கறாங்களா?"

"இல்லீங்கப்பா. போன வருசம் தோத்த மாதிரியேதான் இருக்குது. இந்தத் தடவையும் கடைசி நம்பர்காரன்கிட்ட."

"பாதிதான ஆயிருக்குது?" என்று கேட்டபடி கட்டில் ஓரத்தில் உட்கார்ந்தார். உட்கார்ந்து மஞ்சளைப் பார்த்துக்கொண்டே, யாரிடமோ சொல்வதுபோலச் சொன்னார். "நீ அமெரிக்கா போன வருசம் எனக்கும் கீழ்வயல்லதான் போச்சு. மஞ்சளேதான். பாதி அழுகிப் போச்சு, மீதிக்கு வெலையும் இல்ல. அதான் உன்ன வேண்டாம்னேன்."

எனக்கு ஏழு வருடமாகத் தெரியாது. அந்த வருடம் அவர் என்னை விமானம் ஏற்ற வந்தபோது புது வேட்டி கட்டியிருந்தார்.

"ஏங்கப்பா சொல்லல?"

"சொல்லியிருந்தா நீ போயிருக்க மாட்ட."

அதற்கு மேல் இரண்டு பேரும் பேசவில்லை. எண் மாற ஆரம்பித்தது. 36க்கு 36 ஆனது, பிறகு வெர்ஜீனியா தாண்டியது. கடைசியில் 71க்கு 56. அப்பாவுக்கு ஆங்கில எண் நன்றாகத் தெரியும், சொசைட்டிப் பால் கணக்குப் பார்க்கிறவர். "பதினஞ்சுல கெலிச்சுட்டாங்களே, படு" என்று சொல்லிவிட்டு டார்ச்சை அடித்துக்கொண்டு போய்விட்டார்.

அதற்குப் பிறகு நடந்ததெல்லாம் கதை மாதிரி இருக்கும். பர்டியூவோடு ஆடியபோது, நேரம் முடிகிற நொடியில் கிஹே கிளார்க் பின்னால் ஓடி எடுத்து வீசிய பந்தை மமாடி டியாக்கிட்டே போட்டுச் சமன் செய்தான். கூடுதல் நேரத்தில் 80க்கு 75 என்று ஜெயித்தார்கள். அரையிறுதியில் ஆபர்னிடம் இரண்டு புள்ளி பின்தங்கி, 0.6 நொடி மிச்சமிருக்கும்போது கைல் கைக்கு மூன்று ஃப்ரீ த்ரோ கிடைத்தது. மூன்றையும் போட்டான். 63க்கு 62. 2018-ல் தோற்றுக் குனிந்து நிற்கும் தன் படத்தையே இணையத்தில் முகப்புப் படமாக வைத்திருந்த பையன் அவன். மினியாபொலிஸில் நடந்த இறுதி ஆட்டத்தில் டெக்சாஸ் டெக். அதில் மூன்று புள்ளி பின்தங்கியிருந்தபோது, கடைசிப் பன்னிரண்டு நொடி அளவில் சமன் செய்தது யார் தெரியுமா? போன வருடம் கை முறிந்து வெளியே உட்கார்ந்திருந்த அதே ஹண்டர். மொத்தம் 27 புள்ளி எடுத்தான். கூடுதல் நேரத்தில் 85க்கு 77. வெர்ஜீனியாவின் முதல் பட்டம்.

இப்படி எழுதும்போது, விழுந்தவன் எழுந்தால் கோப்பை நிச்சயம் என்று ஒரு பாடம் தானாக வந்து உட்கார்ந்துகொள்கிறது. ஆனால் அதில் பாதி பொய். ஆபர்ன் ஆட்டத்தின் கடைசி நேரத்தில் வெர்ஜீனியாக்காரன் பந்தை விதிமீறித் தட்டியதை நடுவர்கள் கவனிக்கவில்லை. கவனித்திருந்தால் பந்து ஆபர்ன் கைக்குப் போயிருக்கும். பர்டியூ ஆட்டத்தில் ஒரு விரல் அகலம் தள்ளிப் போயிருந்தாலும் கதை முடிந்திருக்கும். கோப்பைக்கு உழைப்போடு அதிர்ஷ்டமும் வேண்டியிருந்தது. எங்களுக்கு மழை மாதிரி.

அதனால் இறுதி ஆட்டத்தைவிட எனக்கு அந்த நள்ளிரவு முதல் சுற்றுதான் பெரிதாகத் தெரிகிறது. அதே 1-ம் நம்பர், அதே 16-ம் நம்பர், அதே மாதிரிப் பின்தங்கி, நாடே சிரிக்கக் காத்திருக்கும்போது, பாதி ஆட்டம் முடிந்து மறுபடி உள்ளே இறங்கினார்களே, அதற்கு அதிர்ஷ்டம் எதுவும் தேவைப்படவில்லை. அன்றைக்குத் தோற்றிருந்தாலும் அது பெரிய காரியம்தான். இரண்டாவது வடிகாலை வெட்டுகிறவனுக்குத்தான் அது தெரியும்.

எங்கள் மஞ்சளையும் சொல்லிவிடுகிறேன். அமோகம் என்று சொல்ல முடியாது. நடுத்தரமான விளைச்சல், அழுகல் ஓரத்தில் கொஞ்சம்தான். விலை சுமார். போன வருடக் கடனில் ஒரு பகுதி தீரும். டீக்கடைக்கு மறுபடி போகிறேன். போன வாரம் சித்தப்பா ஒருவர் கேட்டபோது, "போன தடவை அப்பா பேச்சைக் கேக்காம கீழ்வயல்ல போட்டு உட்டுட்டனுங்க" என்று சொல்லிவிட்டேன். அவர் ஒரு வடையை எடுத்து என் பக்கம் நீட்டினார். அதோடு சரி.

செவ்வாய்க்கிழமை காலை இறுதி ஆட்டம் நடந்த நேரத்தில், பாலிஷ் போட்ட மஞ்சளை ஈரோட்டு மார்க்கெட்டுக்கு அனுப்பச் சாக்குப் பிடித்துக்கொண்டிருந்தோம். நான் ஒரு கையால் செல்போனையும் மறு கையால் சாக்கு வாயையும் பிடித்திருந்தேன்.

"உன்ற பந்து என்னாச்சு?" என்று கேட்டார் அப்பா.

"கடைசி ஆட்டமே கெலிச்சாச்சுங்கப்பா."

"செரி. இப்ப ரெண்டு கையிலயும் சாக்கப் புடி."