ஏலமலையில் சிப்பிச் சமையல்

சிப்பி என்றதும் வண்டன்மேட்டுத் தோட்டக் குடும்பத்தார் மனத்தில் தோன்றுவது சுண்ணாம்பு ஒன்றுதான். வெற்றிலைக்கு வேண்டிய சுண்ணாம்பு கடையில் பொட்டலமாகக் கிடைக்கிறது. அது ஒரு காலத்தில் ஓர் உயிருக்கு வீடாக இருந்தது என்பதையோ, அவ்வுயிரைக் கடற்கரை மக்கள் விரும்பி உண்கிறார்கள் என்பதையோ, கம்பம் பள்ளத்தாக்கிலிருந்து மலையேறி வந்த நம் பெற்றோர் எண்ணிப் பார்க்க நேர்ந்ததில்லை. கடல் என்றால் நமக்குக் கருவாட்டுக் கூடை. பிற்காலத்தில், ஒலிப்பானை அடித்துக்கொண்டு வரும் மீன் வண்டியின் மத்தியும் அயிலையும். அவ்வளவே.

அந்தச் சிப்பியை என் அக்காள் வீட்டு அடுப்பில் ஏற்ற வேண்டிய அவசியம் சென்ற ஆண்டு உண்டாயிற்று. அவசியம் என்றே சொல்கிறேன். நாகரிகத்துக்காகச் செய்த காரியம் அன்று.

அக்காள் எனக்குப் பத்து வயது மூத்தவள். இருபத்தைந்து ஆண்டுகளாக ஏலக்காய் எடுக்கிறாள். ஏலக்காய் கிளையில் தொங்குவதன்று. செடியின் தூரிலிருந்து தரையோடு படரும் சரத்தில் காய்ப்பது. ஆகையால் எடுக்கிறவர்கள் நாள் முழுவதும் குனிந்தோ குந்தியோ, ஈர மண்ணிலும் அட்டைக் கடியிலும் நகர்ந்துகொண்டே இருக்க வேண்டும். சென்ற ஆண்டு சாரல் காலத்தில் அவளுக்கு மேடு ஏறினால் மூச்சு வாங்கத் தொடங்கிற்று. இரத்தம் சோதித்ததில் ஹீமோகுளோபின் 8.4 கிராம் என்று வந்தது. பெண்களுக்கு 12 கிராமுக்குக் குறையலாகாது என்பது மருத்துவர் கணக்கு. இது நம் வீட்டு விசேஷமும் அன்று. 2019 முதல் 2021 வரை நடந்த தேசியக் குடும்பநலக் கணக்கெடுப்பில், 15 முதல் 49 வயது வரையுள்ள இந்தியப் பெண்களில் நூற்றுக்கு 57 பேருக்கு இரத்தசோகை இருப்பதாகக் கண்டார்கள்.

மருத்துவர் இரும்புச் சத்து மாத்திரை கொடுத்தார். அது வயிற்றைப் புரட்டுகிறதென்று அக்காள் பத்தாம் நாளே நிறுத்திவிட்டாள். ஈரல் தின்னச் சொன்னதற்கு முகத்தைத் திருப்பிக்கொண்டாள். மறுமுறை சென்றபோது அவர் மாத்திரையை மாற்றிக் கொடுத்துவிட்டு, “கடற்சிப்பி இறைச்சி கிடைத்தால் கொடுங்கள், இரும்பும் பி-12 சத்தும் அதில் நிறைய உண்டு” என்றார். கொல்லம் ரயில் நிலையத்தில் குமாஸ்தாவாக இருக்கும் எனக்கு அது கிடைக்காத பொருளா? ஆனால் கொல்லத்தில் கிடைப்பது வேறு. அதை வண்டன்மேட்டில் ஒரு பெண்ணின் வாய்க்குள் சேர்ப்பது வேறு.

இச்சமயத்தில்தான் அக்காள் மகன் தோஹாவிலிருந்து விடுமுறையில் வந்து சேர்ந்தான். அங்கே ஒரு ஹோட்டல் சமையற்கூடத்தில் மூன்று ஆண்டுகளாக வேலை. “மாமா, வெள்ளைக்காரர்களுக்குத் தினமும் ஸ்காலப் சுட்டுக் கொடுக்கிறேன். அம்மாவுக்கு ஒரு நாளாவது என் கையால் சமைத்துப் போட வேண்டும்” என்றான். அவன் சொன்னதை நான் முதலில் பொருட்படுத்தவில்லை. பிறகு அவன் தன் பெட்டியிலிருந்து இரண்டு ஓடுகளை எடுத்துக் காட்டினான். விரித்த விசிறி போல வரிவரியாக, உள்ளங்கை அகலத்தில், வெகு அழகாக இருந்தன. ஷெல் என்னும் எண்ணெய்க் கம்பெனி 1904 முதல் முத்திரையாக வைத்திருப்பது இந்த ஓட்டின் உருவத்தைத்தான். அதைத் தொடங்கியவர்களின் தந்தை லண்டனில் சிப்பி வாணிபம் செய்தவராம். பெயரும் அதனால் வந்தது.

ஸ்காலப் விசித்திரமான பிராணி. மற்றச் சிப்பிகள் சேற்றிலோ பாறையிலோ அடங்கிக் கிடக்க, இது இரண்டு ஓடுகளையும் கைகொட்டுவது போல அடித்து, நீரைப் பீச்சித் தள்ளி நீந்துகிறது. ஓட்டின் ஓரம் முழுவதும் சிறு சிறு கண்கள். அடித்து நீந்துவதற்கான தசை ஒன்று நடுவில் உருண்டு திரண்டிருக்கும். மேல்நாட்டார் பெரும்பாலும் அந்தத் தசையை மட்டும் எடுத்து, ஓட்டிலேயே வைத்து, வெண்ணெயும் பூண்டும் ரொட்டித் தூளும் தூவிச் சூட்டடுப்பில் வாட்டுகிறார்கள். ஜப்பானின் ஹொக்கைடோவிலும் கனடாவிலும் ஏராளமாகக் கிடைக்கிறது. ஆனால் அதனால் ஓட்டை இறுக மூடிக்கொள்ள முடியாது. நீரை விட்டு எடுத்தால் விரைவில் இறந்துவிடும். ஆகவே பெரும்பாலும் பனிக்கட்டியாக உறைந்த நிலையில்தான் வெகுதூரம் பயணம் செய்கிறது. கொல்லத்துச் சந்தையில் நான் அதைக் கண்டதில்லை.

எனக்குத் தெரிந்தது கக்கா. நம் தமிழ்நாட்டுக் கரையில் மட்டி என்பார்கள். அஷ்டமுடிக் காயலில், நீண்டகரையின் உட்புறத்துக் கரைகளில், மூழ்கியும் வாரியும் எடுக்கிறார்கள். மஞ்சக்கக்கா என்பது அதில் உயர்ந்தது. கரையோரப் பெண்கள் அதை வேகவைத்து ஓடு நீக்கி இறைச்சியாக விற்பார்கள். ஸ்காலப்பின் தசை போலப் பெரிதன்று, சுண்டுவிரல் நுனியளவுதான், ஆனால் முழுவதையும் உண்ணலாம். “ஓட்டில் வைத்துச் சுடுவதுதானே காரியம்? இதில் செய்” என்றேன். மருமகன் சிறிது யோசித்து, “செய்யலாம் மாமா, நேரத்தை மட்டும் குறைக்க வேண்டும்” என்றான். ஓட்டுக்குள் பண்டத்தை நிரப்பிச் சமைப்பது நமக்குப் புதியதும் அன்று. தலைச்சேரி மாப்பிள்ளைமார் கல்லுமக்காயின் ஓட்டுக்குள் அரிசி மாவும் தேங்காயும் அடைத்து அவித்து, பின் மிளகாய் பூசிப் பொரிக்கிறார்களே, அந்த அரிக்கடுக்கையைவிட ஸ்காலப் என்ன உசத்தி?

இனி மலைக்குக் கொண்டுபோகும் விஷயம். எங்கள் இடுக்கி மாவட்டத்தில் ரயில் பாதை இல்லை. போடிக்கு 2023 ஜூனில் ரயில் மீண்டும் வந்துவிட்டது. ஆனால் கொல்லத்திலிருந்து அது சுற்றுவழி. ஆகவே கோட்டயம் வரை ரயில், அங்கிருந்து குமிளி வரை ஏறத்தாழ 110 கிலோமீட்டர் மலைப்பேருந்து, பின் அணைக்கரை, புற்றடி வழியாக வண்டன்மேடு. விடியற்காலை புறப்பட்டால் மாலையாகும். இறைச்சி கெட்டால் வயிற்றுக்குக் கேடு. நோய் தீர்க்கப்போய் நோய் தரக் கூடாது. பார்சல் அலுவலகத்தில் மீன் பெட்டிகளைப் பார்த்துப் பழகிய அனுபவம் இங்கே உதவிற்று. முதல் நாள் மாலை உயிருள்ள கக்கா வாங்கி, உப்பு நீரில் சில மணி நேரம் போட்டு மணலைக் கக்கவைத்தேன். சமைக்குமுன் வாய் திறந்து கிடந்து, தட்டினாலும் மூடாதவை செத்தவை. அவற்றை எறிந்துவிட வேண்டும். வேகவைத்த பின்னும் வாய் திறவாதவற்றையும் எறிந்துவிட வேண்டும். இந்த இரண்டிலும் சிக்கனம் பார்க்கலாகாது. மிகுந்த இறைச்சி அரைக் கிலோ தேறிற்று. எடைக்கு எடை பனிக்கட்டி என்பது மீன் வாணிபத்தின் கணக்கு. வெயில் காலமாதலால் நான் இரட்டிப்பாக இட்டு, ஒழுகாத தெர்மோகோல் பெட்டியில் வைத்துக் கட்டினேன். ஓடுகளைத் தேய்த்துக் கழுவித் தனிப் பையில் எடுத்துக்கொண்டேன். பேருந்து நடத்துனர் பெட்டியை இருமுறை முகர்ந்து பார்த்துவிட்டுப் பேசாமல் போனார்.

வீட்டில் பெட்டியைத் திறந்ததும் அம்மா பையிலிருந்த ஓடுகளைப் பார்த்தாள். “சுண்ணாம்புக்குப் போறதை வயித்துக்குள்ள போடச் சொல்றியாப்பா?” என்றாள். அதற்கு நான் என்ன மறுமொழி சொல்வது? எழுபது வயதுக்காரியிடம் பி-12 சத்தைப் பற்றிப் பிரசங்கம் செய்து பயனில்லை. மருமகன்தான் கெட்டிக்காரன். விசிறி ஓடுகள் இரண்டில் ஒன்றைப் பாட்டியின் கையில் கொடுத்து, “இது உனக்கு, சுண்ணாம்பு வைத்துக்கொள்ள” என்றான். கிழவி அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டுத் திண்ணைக்குப் போய்விட்டாள்.

அக்காள் வீட்டில் சூட்டடுப்பு இல்லை. பெரிய இரும்புச் சட்டியில் இரண்டு விரற்கடை உயரம் உலர்ந்த மணல் பரப்பி, மூடி, விறகடுப்பில் கால்மணி நேரம் காயவைத்தோம். அதற்குள் அவன் பக்குவத்தை முடித்தான். பதினைந்து சின்ன வெங்காயமும் எட்டுப் பல் பூண்டும் பொடியாக நறுக்கி, இரண்டு கரண்டி வெண்ணெயில் வதக்கி, அரை மூடித் தேங்காயைக் கொரகொரப்பாக அரைத்துச் சேர்த்தான். மிளகு எங்கள் வேலியோரத்துக் கொடியில் காய்த்தது. ஒரு தேக்கரண்டி, அப்போதே இடித்தது. கறிவேப்பிலை, உப்பு. இறைச்சியில் ஏற்கனவே கடலின் உப்பு இருப்பதால் கை அடக்கமாகவே இட வேண்டும். ஏலக்காய் போடலாமா என்று அக்காள் கேட்டாள். வேண்டாமென்று நாங்கள் இருவரும் ஒரே குரலில் சொன்னோம். கடல் வாசனைக்கும் ஏல வாசனைக்கும் ஒத்துப்போகாது. அன்றியும், எட்டு மில்லி ரகத்தை ஆயுளெல்லாம் எடுத்துக் கொடுக்கிற வீட்டில், குழம்புக்கு இருப்பதென்னவோ உடைந்த காய்தான்.

இறைச்சியைக் கலவையில் ஒருமுறை புரட்டி உடனே இறக்கிவிட்டான். இதுதான் முக்கியம். முன்பே வெந்த இறைச்சி. நெருப்பில் அதிகம் நின்றால் ரப்பராகிவிடும். ஓட்டுக்கு மூன்று நான்கு துண்டுகளாக வைத்து, முந்தின நாள் ரொட்டியை உதிர்த்த தூளில் உருகிய வெண்ணெய் பிசறி மேலே தூவி, ஒரு தட்டில் அடுக்கி மணல்மேல் வைத்தான். மூடியின் மேலே தேங்காய்ச் சிரட்டைத் தணல். மேலும் கீழும் சூடு. பத்தே நிமிஷம். மூடியைத் தூக்கியபோது ரொட்டித் தூள் பொன்னிறமாகி வெண்ணெய் நுரைத்துக்கொண்டிருந்தது. மேலே எலுமிச்சம்பழம் பிழிந்தான். புளிப்பிலுள்ள சத்து இரும்பை உடம்பில் ஏற்ற உதவும் என்பதால் அது ருசிக்கு மட்டும் அன்று.

அக்காள் முதல் ஓட்டைக் கையில் வைத்துக்கொண்டு வெகுநேரம் பார்த்தாள். பிறகு மகன் முகத்தைப் பார்த்தாள். “இதைத்தான் அங்கே தினமும் செய்றியா?” என்று கேட்டாள். “இதைவிட நல்லதாகச் செய்வேன்மா, அடுப்பு இருந்தால்” என்றான் அவன். பதினோரு ஓடுகள் காலியாயின. அவ்வளவு சாப்பாடு அவள் பல மாதங்களாகச் சாப்பிட்டதில்லை. அம்மா தொடவில்லை, ஆனால் கருகிய ரொட்டித் தூளை மட்டும் சட்டியிலிருந்து சுரண்டித் தின்றதை நான் பார்த்தேன்.

சாப்பிட்டு முடிந்ததும் வழக்கப்படி கட்டன் சாயா வந்தது. அதை நான் தடுத்ததில்தான் அன்று சண்டை. தேயிலை, உணவிலுள்ள இரும்பை உடம்பு ஏற்றுக்கொள்ளாமல் தடுக்கிறது. சாப்பாட்டுக்கும் தேநீருக்கும் நடுவே ஒரு மணி நேரமாவது இருக்க வேண்டும். மலையில் வாழ்கிறவர்களிடம் இதைச் சொல்வது சிப்பி தின்னச் சொல்வதைவிடக் கடினம். குளிருக்கு அடக்கமாகக் கையில் ஒரு கிளாஸ் சூடு இல்லாமல் இருப்பதெப்படி என்பாள் அக்காள். ஏலக்காய் போட்ட வெந்நீர் குடி என்றான் மகன். அதற்கு அவள் ஒப்புக்கொண்டாள்.

மூன்று மாதம் கழித்துச் சோதித்ததில் 10.6 கிராம் என்று வந்தது. அதற்குக் காரணம் மாற்றிக் கொடுத்த மாத்திரை என்றே நான் கருதுகிறேன். மாதம் இருமுறை தின்ற கக்கா இவ்வளவு வேலை செய்துவிடாது. ஆனால் மாத்திரையை நிறுத்தாமல் விழுங்கினாளே, அது மகன் தோஹாவிலிருந்து தினமும் தொலைபேசியில் கேட்டதால். இதைப் படிக்கும் அன்பர்கள் செய்து பார்ப்பதானால், சிப்பி, இறால் ஒவ்வாத உடம்பினரும், யூரிக் அமிலம் மிகுந்து மூட்டுவலி உள்ளவர்களும் மருத்துவரைக் கேட்டுக்கொண்டு தொடங்குவது நலம்.

இன்னொன்று. டிசம்பர் முதல் பிப்ரவரி வரை அஷ்டமுடியில் இந்தக் கக்கா எடுப்பதில்லை. குஞ்சுகள் வளர்வதற்கு விட்டுவிடுகிறார்கள். இந்தக் கட்டுப்பாட்டின் பயனாகவே அந்தக் காயல் 2014-இல் எம்.எஸ்.சி. என்னும் பன்னாட்டு அமைப்பின் சான்றிதழை, இந்தியாவிலேயே முதலாவதாக, பெற்றது. ஆகையால் தைப் பொங்கலுக்கு வீட்டுக்குப் போகும்போது வெறுங்கையோடுதான் போக வேண்டும். மார்ச் முதல் வாரத்தில் எனக்கு விடுப்பு உண்டா என்று அக்காள் இப்போதே கேட்டு எழுதியிருக்கிறாள். ரொட்டித் தூள் தயாராக இருக்கிறதாம்.