அம்மாயி அழுத படம்

போன மழைக்காலத்துல ஒரு ஞாயித்துக்கிழமை. லிந்துலையில, எங்கள்ல ஒருத்தியோட லயத்துக் காம்பராவுல, நாங்க அஞ்சு பேரும் உட்கார்ந்து டீவி பார்த்துக்கிட்டு இருந்தோம். டிஷ்ல ஓடினது பாலாவோட ‘பரதேசி’. 2013இல் வந்த படம். வறுமையில கிடக்கிற கிராமத்து சனங்களை ஒரு கங்காணி ஆசை காட்டித் தேயிலைத் தோட்டத்துக்குக் கூட்டிட்டுப் போற கதை. நாற்பது வருசம் கொழுந்து பறிச்ச அம்மாயி வாசக்கால்ல சாய்ஞ்சு நின்னு பார்த்தாங்க. கடைசியில முந்தானையால கண்ணைத் துடைச்சுக்கிட்டே கேட்டாங்க: “இது எந்தத் தோட்டம்டி? அக்கரப்பத்தனைப் பக்கமா?”

“இல்ல அம்மாயி, இது இந்தியா.”

“அப்ப நம்ம கதைய யாரும் படம் எடுக்கலயா?”

எங்க யாருக்கும் பதில் தெரியல. பரீட்சைக்குப் படிச்சவங்க, சினிமா விமர்சனம் எழுதுறவங்கன்னு சொல்லிக்கிற எங்களுக்கே தெரியல. அந்த வெட்கத்துலதான் தேட ஆரம்பிச்சோம்.

எடுத்திருக்காங்க. 1975இல் ‘புதிய காற்று’. தொழிற்சங்கத் தலைவர் வி.பி. கணேசன் தயாரிச்சு அவரே நடிச்சது. கதை, நம்ம தெளிவத்தை ஜோசப் எழுதினது. இயக்கம் எஸ். இராமநாதன். தோட்டத்து மக்களோட வாழ்க்கைதான் கதை. பெரியவங்ககிட்ட விசாரிச்சோம். டவுன் தியேட்டர்ல பார்த்த ஞாபகம் இருக்குன்னு ஒருத்தர் சொன்னார். கதையைப் பாதி வரைக்கும் சொல்லிட்டு நிறுத்திக்கிட்டார் இன்னொருத்தர். படம் யார்கிட்டயாவது இருக்கான்னு கேட்டா, எல்லாரும் வேற யாரையோ கை காட்டினாங்க. கடைசி வரைக்கும் எங்க கையில கிடைக்கல.

இன்னொரு படம், ‘இங்கிருந்து’. சுமதி சிவமோகன் இயக்கினது. இதுவும் மலையக மக்களைப் பத்தினதுதான். வந்த வருசத்தைப் பாருங்க, அதே 2013. கடல் தாண்டின மலையில எடுத்த ‘பரதேசி’ அம்மாயியோட காம்பராவுக்குள்ள தானாவே வந்துடுச்சு. நம்ம நாட்டுல, நம்ம மக்களைப் பத்தி எடுத்த படம் எங்க லயத்துப் பக்கம் எட்டிப் பார்க்கவே இல்ல. இது எப்படி நடந்துச்சு?

இதுக்குப் பதில் தேடிப் போனா அரசாங்கத்தோட சினிமாக் கொள்கையில போய் நிக்க வேண்டியிருக்கு. ஆரம்பத்திலிருந்தே அந்தக் கொள்கைக்கு இருந்த பெரிய கவலை தென்னிந்தியா. அந்தக் கவலையில நியாயமே இல்லைன்னு சொல்ல மாட்டோம். முதல் சிங்களப் பேசும் படமான ‘கடவுனு பொரொந்துவ’ (1947) தென்னிந்தியாவில எடுத்தது. தயாரிச்சவர் எஸ்.எம். நாயகம்ங்கிற தமிழர். அதுக்குப் பிறகும் பல வருசம் சிங்களப் படங்கள் தமிழ்ப்பட அச்சுல வார்த்த மாதிரியே வந்துச்சு. 1956இல் லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ் ஸ்டூடியோவை விட்டு வெளிய வந்து, இந்த மண்ணிலேயே ‘ரேகாவ’ எடுத்தப்போ அதை எங்க சொந்த சினிமான்னு கொண்டாடினாங்க. கொண்டாட வேண்டிய படம்தான். அதே 1956லதான் சிங்களம் மட்டும் சட்டமும் வந்துச்சு. படத்தையும் சட்டத்தையும் ஒரே தட்டுல வைக்கல. ஆனா ‘நம்மது எது, அந்நியம் எது’ன்னு நாடு கோடு போட்டுக்கிட்டு இருந்த காலம் அது.

1972இல் அரச திரைப்படக் கூட்டுத்தாபனம் இயங்கத் தொடங்குச்சு. வெளிநாட்டுப் படத்தை இறக்குறதும், எந்தப் படத்தையும் விநியோகிக்கிறதும் அதோட கைக்குப் போச்சு. இந்தியப் படங்களோட வரவு குறைஞ்சுது. இப்போ எங்க ஆட்களோட நிலைமையையும் பக்கத்துல வச்சுப் பாருங்க. 1948 பிரசாவுரிமைச் சட்டம் எங்க தாத்தா பாட்டிமாரை நாடற்றவங்களா ஆக்கியிருந்துச்சு. 1964 சிறிமா - சாஸ்திரி ஒப்பந்தம் 5,25,000 பேரை இந்தியாவுக்கு அனுப்பணும், 3,00,000 பேருக்கு இங்க பிரசாவுரிமை கொடுக்கணும்னு ஆளையே கணக்குப் போட்டுப் பிரிச்சுது. கூட்டுத்தாபனம் வந்த காலத்துல தலைமன்னாரிலிருந்து கப்பல் போய்க்கிட்டு இருந்துச்சு. இந்தியப் படம் உள்ள வரக் கூடாது, ‘இந்திய’ ஆட்கள் வெளிய போகணும். கோடு ஒண்ணுதான். நாங்க அதுக்கு அந்தப் பக்கம். கண்டி மாவட்டத்துல பிறந்த எம்.ஜி.ஆரே இங்க வெளிநாட்டு நடிகர்தானே!

ஆனா கதை இதோட முடிஞ்சுடல. இந்தக் கொள்கையைத் திட்டி எழுதணும்னு உட்கார்ந்த எங்களுக்கே இது ஒரு இடறல். ‘புதிய காற்று’ வந்தது 1975, ‘பொன்மணி’ 1977, ‘வாடைக்காற்று’ 1978, கணேசனோட அடுத்த படம் ‘நான் உங்கள் தோழன்’ அதே 1978. வெளிப்படங்களுக்கு வேலி போட்டிருந்த காலத்துலதான் நம்ம நாட்டுத் தமிழ்ப்படங்கள் இப்படி அடுத்தடுத்து வந்திருக்கு. வேலி கொஞ்சம் நிழலும் கொடுத்திருக்கு. அதை ஒத்துக்கிட்டுத்தான் ஆகணும்.

ஆனா அந்த நிழல்ல ஒரு வீடு கட்ட யாரும் யோசிக்கல. 1977க்குப் பிறகு திறந்த பொருளாதாரம் வந்துச்சு. 1982 பெப்ரவரியில ரூபவாஹினி வந்துச்சு. 1983 யூலையில தமிழர்களோட தியேட்டர்களும், ஹெந்தளையில இருந்த விஜயா ஸ்டூடியோவும் எரிஞ்சுது. அதோட படச்சுருள்களும் போச்சு. பாதுகாக்கத்தானே கொள்கை? அந்தப் படங்களைத் தேசத்தோட சொத்துன்னு நினைச்சு, இன்னொரு பிரதி எடுத்துப் பத்திரமா வச்சிருந்தா, இன்னிக்கு நாங்க வீடு வீடா விசாரிச்சுக்கிட்டுத் திரிய வேண்டியதில்ல.

டீவிக்கு வருவோம். 2006 நிதிச் சட்டத்தின் மூலமா வெளிநாட்டுத் தொலைக்காட்சி நாடகம், படம், விளம்பரம் மேல அரசு வரி போட்டுச்சு. உள்ளூர்க் கலைஞர்களைக் காப்பாத்தணும்ங்கிறதுதான் சொல்லப்பட்ட காரணம். நல்ல காரணம். ஆனா தோட்டத்துக் கூரையில இருக்கிற டிஷ் வானத்திலிருந்து நேரா சென்னையைப் பிடிக்குது. அதுக்கு எந்த வரியும் தெரியாது. அரசோட தமிழ் அலைவரிசைகள் இருக்கு, நேத்ரா இருக்கு, 2009லிருந்து வசந்தம் இருக்கு. ஆனா லயத்துல அந்தி நேரத்துக்கு எதைப் போடுறாங்கன்னு எங்க வீடுகளைக் கேட்டாலே போதும். சென்னை சீரியல்தான். அதுல வர்ற மாமியாரை அம்மாயிக்குத் தெரியும். அட்டை கடிச்ச காலோட பிரட்டுக்களத்துல நிக்கிற பொண்ணை அவங்க எந்தத் திரையிலயும் பார்த்ததில்ல.

‘அப்ப இந்தியப் படத்தை நிறுத்தச் சொல்றீங்களா?’ன்னு கேட்பீங்க. ஐயோ, இல்ல. அம்மாயி அழுதது பொய்யில்ல. அந்தக் கண்ணீரைத் தடுக்கிற வரி எங்களுக்கு வேணாம். தடுக்கிறது மட்டுமே கொள்கையா இருக்கிறதுதான் எங்களுக்குப் பிரச்சினை. பிரான்சைப் பாருங்க. அங்க சினிமா டிக்கட்டுல ஒரு வரி பிடிக்கிறாங்க, அமெரிக்கப் படத்துக்கு விக்கிற டிக்கட்டுலயும்தான். அந்தக் காசு புதுப் படங்கள் எடுக்கத் திரும்பிப் போகுது. படத்தைத் தடுக்கல, அது கொண்டு வர்ற காசுல ஒரு பங்கை எடுத்து வீட்டுக்கு அடுப்பு மூட்டுறாங்க.

எங்க கோரிக்கையும் பெருசில்ல. எழுபதுகள்ல வந்த தமிழ்ப்படங்கள்ல மிச்சம் இருக்கிறதைத் தேடி, டிஜிட்டலாக்கி, தோட்டத்துக் கலாசார மண்டபங்கள்ல போட்டுக் காட்டணும். வரிக் காசுல ஒரு பங்கு மலையகத்திலிருந்து படம் எடுக்க வர்ற பிள்ளைகளுக்குப் போகணும். அரசு அலைவரிசையில வாரத்துக்கு ஒரு மணி நேரம், நாங்க எடுத்ததை நாங்களே தொகுத்துக் கொடுக்க இடம் வேணும். தேசியக் கலாசாரம்னா கண்டி நடனம் மட்டுமில்ல, காமன் கூத்தும்தான். அதைச் சொல்றதுக்கு இருநூறு வருசம் போதாதா?

‘கையில போன் இருக்கே, அரசாங்கம் எதுக்கு?’ன்னு எங்களுக்குள்ளேயே ஒருத்தன் சண்டைக்கு வந்தான். அவன் சொல்றதுலயும் பாதி உண்மை இருக்கு. அதனால இந்த மாசியில எங்க தோட்டத்துக் காமன் கூத்தை போன்லயே எடுத்தோம். சத்தம் சரியில்ல, பனியில பாதிக் காட்சி வெள்ளையாப் போச்சு. நல்ல மைக்குக்கும் விளக்குக்கும் காசு வேணும்னு அவனே கடைசியில ஒத்துக்கிட்டான். எடுத்ததை லயத்துச் சுவர்ல ஒரு வெள்ளைச் சீலையைக் கட்டிப் போட்டுக் காட்டினோம்.

அம்மாயி முன் வரிசையில தேத்தண்ணிக் கோப்பையோட உட்கார்ந்திருந்தாங்க. ரதியும் மன்மதனும் வர்றதுக்கு முன்னாடியே கையை நீட்டினாங்க.

“ஏய், இது நம்ம பீலிக்கரைதானே?”

ஆமா அம்மாயி, நம்ம பீலிக்கரைதான்.